1924-இல் தோல்வி காணாத டஸ்கீகி அணி: அந்தப் பருவத்தை எப்படி மதிப்பிடுவது?

பொருநை எழுதியது:

அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்தில் (பந்தைக் கையில் ஏந்தி ஓடும் அமெரிக்க ஆட்டம்) 1924 என்றதும் இரண்டு செய்திகளைத்தான் எல்லோரும் நினைவுகூர்கிறார்கள். நட் ராக்னி பயிற்றுவித்த நோட்டர் டேம் அணி, ரோஸ் பவுல் என்ற புத்தாண்டு நாள் ஆட்டத்தில் ஸ்டான்ஃபோர்டை 27-10 என்று வீழ்த்தியதையும் சேர்த்து, பத்து ஆட்டங்களிலும் வென்றது ஒன்று. அக்டோபர் 18 அன்று மிச்சிகன் அணியை இல்லினாய் அணியின் ஓட்டக்காரர் ரெட் கிரேஞ்ச் ஏறக்குறையத் தனியொருவராகச் சிதறடித்தது மற்றொன்று. அதே இலையுதிர் காலத்தில் அலபாமா மாநிலத்தின் மேக்கன் கவுண்டியிலும் ஓர் அணி தோல்வியே காணாமல் பருவத்தை முடித்தது. கறுப்பின மாணவர்கள் பயின்ற டஸ்கீகி கழகத்தின் அணி அது. கறுப்பினக் கல்லூரிகளின் தேசிய வெற்றியாளர் என்ற பட்டமும் அவ்வாண்டு அதற்குக் கிடைத்தது. இதைப் பற்றித் தமிழில் விரிவாக யாரும் பேசி நான் பார்த்ததில்லை என்பதால் இந்த இழையைத் தொடங்குகிறேன்.

முதலில் சுருக்கமாகப் பின்னணி. கறுப்பினக் கல்லூரிகளுக்கு இடையே நடந்த முதல் கால்பந்து ஆட்டம் 1892 டிசம்பர் 27 அன்று வட கரோலினாவின் சாலிஸ்பரியில், பனி மூடிய திடலில், பிடில் கல்லூரிக்கும் லிவிங்ஸ்டன் கல்லூரிக்கும் இடையே நடந்தது. வெள்ளையர் கல்லூரிகளோடு மோத வழியில்லாத நிலையில், இந்தக் கல்லூரிகள் தங்களுக்கெனச் சங்கங்களை அமைத்துக்கொண்டன. 1912-இல் வர்ஜீனியாவின் ஹாம்ப்டனில் ஒரு கூட்டமைப்பு உருவாயிற்று. ஹோவர்டு, லிங்கன், ஹாம்ப்டன் முதலியவை அதில் இருந்தன. 1913-இன் இறுதியில் அட்லாண்டாவில் தென்கிழக்குக் கூட்டமைப்பு உருவானது. மோர்ஹவுஸ், ஃபிஸ்க், டல்லடீகா ஆகியவற்றோடு டஸ்கீகியும் அதில் சேர்ந்தது.

1923-இல் டஸ்கீகிக்குப் பயிற்சியாளராக வந்தவர் கிளீவ்லண்ட் ஆபட். தெற்கு டகோட்டாவின் யாங்க்டனில் 1892-இல் பிறந்து, வெள்ளையர் மிகுந்த தெற்கு டகோட்டா மாநிலக் கல்லூரியில் பல விளையாட்டுகளில் பெயர் பெற்றவர். முதல் உலகப் போரில் 366-ஆவது காலாட்படைப் பிரிவின் அதிகாரியாகப் பிரான்சில் பணியாற்றினார். அவர் வந்த ஆண்டுதான் டஸ்கீகியின் வரலாற்றில் மிகவும் கொந்தளிப்பான ஆண்டு. கறுப்பினப் போர்வீரர்களுக்கான மருத்துவமனை ஒன்றை மைய அரசு அங்கே கட்டி, 1923 பிப்ரவரியில் திறந்தது. அதில் கறுப்பின மருத்துவர்களே பணியாற்ற வேண்டும் என்று கழகத் தலைவர் ராபர்ட் ரசா மோட்டன் உறுதியாக நின்றார். உள்ளூர் வெள்ளையர்கள் கொதித்தெழுந்தார்கள். அவ்வாண்டு ஜூலை 3 அன்று வெள்ளையர் மேலாதிக்கம் கோரிய கூ கிளக்ஸ் கிளான் அமைப்பினர் நூற்றுக்கணக்கில் திரண்டு, கழக வளாகத்தின் ஓரமாகவே ஊர்வலம் போனார்கள். மோட்டன் பின்வாங்கவில்லை. 1924-இல் அந்த மருத்துவமனையின் தலைமைப் பொறுப்புக்கு ஜோசப் வார்டு என்ற கறுப்பின மருத்துவர் வந்துவிட்டார்.

இந்த நிகழ்வுகளை விலக்கிவைத்துவிட்டு 1924 பருவத்தைப் படிக்க முடியாது என்பது என் கருத்து. போரிலிருந்து திரும்பிய ஒரு கறுப்பின அதிகாரி, கறுப்பினப் போர்வீரர்களின் மருத்துவமனைக்காகப் போராடி வென்ற வளாகத்தில், தன் இரண்டாம் ஆண்டிலேயே தோல்வியற்ற அணியை உருவாக்குகிறார். அந்தப் பட்டத்தை அதே ஆண்டின் நோட்டர் டேம் பட்டத்துக்கு இணையான தேசியப் பட்டமாகவே பதிவுசெய்ய வேண்டும் என்று நினைக்கிறேன். மற்றவர்கள் என்ன நினைக்கிறீர்கள்?

கணக்கன் எழுதியது:

பொருநை அவர்களின் பதிவு நன்றாக இருக்கிறது. ஆனால் முடிவோடு எனக்கு உடன்பாடு இல்லை. தேசிய வெற்றியாளர் என்ற பட்டத்தை டஸ்கீகிக்குக் கொடுத்தது யார்? எந்தச் சங்கமும் கொடுக்கவில்லை, எந்த இறுதிப் போட்டியும் நடக்கவில்லை. 1920 முதல் 'பிட்ஸ்பர்க் கூரியர்' வார இதழ் ஆண்டுதோறும் ஒரு கல்லூரியையோ இரண்டு கல்லூரிகளையோ தேர்ந்தெடுத்து அறிவித்து வந்தது. முதல் ஆண்டிலேயே ஹோவர்டு, டல்லடீகா என இரண்டு பெயர்கள். 1925, 1926 ஆகிய இரண்டு ஆண்டுகளிலும் டஸ்கீகியோடு ஹோவர்டும் பட்டத்தைப் பகிர்ந்துகொண்டது. தெற்கிலுள்ள அணி தெற்கிலும், வாஷிங்டனிலுள்ள ஹோவர்டு அணி கிழக்குக் கரையிலும் ஆடிவிட்டு, யார் பெரியவர் என்பதை ஒரு பத்திரிகை அலுவலகம் முடிவுசெய்தால் அதைத் தேசியப் பட்டம் என்று எப்படிச் சொல்வது?

இன்னொன்றும் இருக்கிறது. 1924-இல் டஸ்கீகி முழுமையான கல்லூரி அன்று. ஆசிரியர் பயிற்சியும் தொழிற்பயிற்சியும் தரும் கழகம் அது. மாணவர்களில் பெரும்பாலோர் உயர்நிலைப் பள்ளித் தரத்தில் படித்துக்கொண்டிருந்தார்கள். அந்த அணியின் புகழ்பெற்ற ஓட்டக்காரர் பென் ஸ்டீவன்சன் 1924 முதல் 1930 வரை ஏழு பருவங்கள் ஆடினார். அன்றைய பெரிய வெள்ளையர் கூட்டமைப்புகளில் முதலாண்டு மாணவருக்கு முதன்மை அணியில் இடமில்லை. அதன்பின் மூன்று பருவங்கள்தான் அனுமதி. ஏழு பருவங்கள் ஒரே அணியில் ஆடியவரைக் கொண்டு சேர்த்த வெற்றிகளையும் மூன்று பருவ விதிக்குள் சேர்த்த வெற்றிகளையும் ஒரே அளவுகோலால் அளப்பது நியாயமா?

பொருநை எழுதியது:

கணக்கன் ஐயா எழுப்பிய இரண்டு கேள்விகளும் நேர்மையானவை. ஒவ்வொன்றாக எடுத்துக்கொள்கிறேன்.

பத்திரிகை கொடுத்த பட்டம் என்ற வாதத்தை நோட்டர் டேமுக்கும் பொருத்திப் பார்க்க வேண்டும். 1924-இல் வெள்ளையர் கல்லூரிகளுக்கும் இறுதிப் போட்டித் தொடர் கிடையாது. யார் தேசிய வெற்றியாளர் என்பதை எழுத்தாளர்களும், தரவரிசைக் கணக்குப் போட்டவர்களும், சில சமயம் பல ஆண்டுகள் கழித்துத் திரும்பிப் பார்த்தவர்களுமே தீர்மானித்தார்கள். அந்தப் பருவத்தின் நோட்டர் டேம் பின்வரிசை நால்வருக்கு இன்றும் நிலைத்திருக்கும் 'நான்கு குதிரைவீரர்கள்' என்ற பெயரே, நியூயார்க்கில் ராணுவக் கல்லூரியோடு நடந்த ஆட்டத்தைப் பார்த்துவிட்டு கிராண்ட்லண்ட் ரைஸ் என்ற விளையாட்டு எழுத்தாளர் எழுதிய செய்தியிலிருந்து வந்ததுதான். பத்திரிகையின் கை அங்கே இருந்தால் புகழ், இங்கே இருந்தால் ஐயம் என்று நாம் பிரிக்க முடியாது.

கறுப்பினப் பத்திரிகைகளின் நிலை இன்னும் ஆழமானது. வெள்ளையர் நாளிதழ்கள் இந்த ஆட்டங்களைப் பெரும்பாலும் கண்டுகொள்ளவே இல்லை. 'பிட்ஸ்பர்க் கூரியர்', 'சிகாகோ டிஃபெண்டர்', பால்டிமோரின் 'ஆஃப்ரோ-அமெரிக்கன்' ஆகிய வார இதழ்கள்தான் முடிவுகளைத் திரட்டி அச்சிட்டன. தெற்கில் பல ஊர்களில் 'டிஃபெண்டர்' இதழை வெளிப்படையாக விற்பதே ஆபத்தாக இருந்தது. புல்மன் எனப்பட்ட படுக்கை வசதி ரயில் பெட்டிகளில் பணியாற்றிய கறுப்பின ஊழியர்கள் கட்டுக்கட்டாக எடுத்துச்சென்று வழியிலுள்ள ஊர்களில் சேர்ப்பித்தார்கள். டல்லடீகாவில் ஓர் அணி எத்தனை புள்ளிகள் எடுத்தது என்பதைச் சிகாகோவில் குடியேறிய ஒரு தொழிலாளி அறிந்துகொண்டதும், ஹோவர்டின் பெயரை அலபாமாவில் ஒரு மாணவர் அறிந்துகொண்டதும் இந்த இதழ்களால்தான். ஒரு நாட்டளவிலான வாசகர் கூட்டம் அப்படித்தான் உருவானது. அந்த வாசகர்களின் முன்னால் அறிவிக்கப்பட்ட பட்டத்தைத் தேசியப் பட்டம் என்று சொல்ல நான் தயங்க மாட்டேன்.

ஸ்டீவன்சனின் ஏழு பருவங்கள் பற்றிய உண்மையை மறுக்கவில்லை. ஆனால் அதன் காரணத்தைப் பார்க்க வேண்டும். கறுப்பினக் கல்விக்கூடங்கள் பற்றி மைய அரசின் கல்விப் பணியகம் 1917-இல் வெளியிட்ட ஆய்வறிக்கை, கல்லூரி என்ற பெயர் தாங்கிய நிறுவனங்களில்கூடப் பெரும்பாலான மாணவர்கள் தொடக்க, உயர்நிலை வகுப்புகளிலேயே இருந்ததைக் காட்டியது. தென் மாநிலங்களின் கிராமப்புறங்களில் கறுப்பினப் பிள்ளைகளுக்கு அரசு உயர்நிலைப் பள்ளிகள் மிகமிகக் குறைவு என்பதால், அந்தக் கல்வியையும் கல்லூரிகளே தர வேண்டியிருந்தது. பள்ளிப் பிரிவில் சேர்ந்து அதே வளாகத்தில் கல்லூரிப் பிரிவுக்கு உயர்ந்த ஒருவர் பல பருவங்கள் ஆடுவதற்கு இந்த அமைப்பே வழிவகுத்தது. எதிரணிகளில் பெரும்பாலானவையும் இதே அமைப்பில்தான் இயங்கின. பள்ளிகளை மறுத்த அரசின் குற்றத்தை ஆட்டக்காரரின் கணக்கில் எழுதக் கூடாது.

நெடுவழி எழுதியது:

இந்த விவாதத்தில் பயணத்தைப் பற்றி யாரும் பேசவில்லையே என்று எழுதுகிறேன். ஒரு பருவத்தின் கடுமையைப் புள்ளிப் பட்டியல் காட்டாது.

டஸ்கீகி ஊர் பெரிய ரயில் பாதையில் இல்லை. சில மைல் தொலைவிலுள்ள செஹா என்ற சிறு நிலையம்தான் முதன்மைப் பாதையைத் தொடும் இடம்; அங்கிருந்து ஊருக்கு ஒரு குட்டி ரயில் பாதை இருந்தது. கழகத்துக்கு வந்த விருந்தினர்களும் மாணவர்களும் அந்த நிலையத்தில் இறங்கி மாறித்தான் வந்தார்கள். வெளியூரில் ஆடப் புறப்படும் அணி, தோல் தலைக்கவசங்களும் தோள் பட்டைகளும் அடைத்த மூட்டைகளோடு அதே வழியில் செஹாவுக்குப் போய், பெரிய ரயிலில் ஏற வேண்டும். அதில் அவர்களுக்கு ஒதுக்கப்பட்டது கறுப்பினத்தவருக்கான தனிப் பெட்டி. அது பெரும்பாலும் எஞ்சினுக்கு அடுத்தபடியாக, பாதி சாமான் அறையாகவும் பாதி இருக்கைகளாகவும் இருக்கும். கரித்தூளும் புகையும் முதலில் வந்து விழுவது அதில்தான். கட்டணம் குறைவில்லை. வழியிலுள்ள நிலையங்களில் உணவு விடுதிக்குள் போய் உட்கார முடியாது. கையில் கட்டிக்கொண்டு போனதைத்தான் சாப்பிட வேண்டும். போய்ச் சேரும் ஊரில் விடுதி அறை கிடையாது. எதிரணிக் கல்லூரியின் மாணவர் விடுதியிலேயே படுத்து, அவர்களின் உணவுக்கூடத்திலேயே உண்டு, மறுநாள் அவர்களையே எதிர்த்து ஆட வேண்டும்.

இதனால் ஒரு நன்மையும் விளைந்தது. எதிரணியினர் ஒருவரையொருவர் அறிந்தவர்களாக ஆனார்கள். ஆட்டத்தின் வார இறுதி முழுவதும் வளாகத்தில் விருந்து, இசை, பழைய மாணவர் சந்திப்பு என்று நீண்டது. 1924-இல்தான் மான்ட்கோமரியில் அலபாமா மாநிலக் கல்லூரிக்கும் டஸ்கீகிக்கும் இடையே நன்றி நவிலல் நாள் ஆட்டம் தொடங்கியது. அது பல தலைமுறைகளாகத் தொடர்ந்து வந்த மரபாயிற்று. ஆகவே 1924 பருவத்தின் பயனை ஒரு பட்டத்தோடு மட்டும் நிறுத்திப் பார்க்க வேண்டியதில்லை.

வைகறை எழுதியது:

எனக்கு ஓர் அடிப்படைக் கேள்வி. 1924-இல் ஆட்டமே எப்படி இருந்தது? இன்று தொலைக்காட்சியில் பார்க்கும் ஆட்டத்தை மனத்தில் வைத்துக்கொண்டு இந்தப் பதிவுகளைப் படித்தால் சரியாகப் புரியுமா?

நெடுவழி எழுதியது:

புரியாது, வேறுபாடுகள் பெரியவை. அன்று தாக்கும் அணி, தடுக்கும் அணி என்று தனித்தனி ஆட்கள் கிடையாது. அதே பதினொருவர் பந்தையும் ஏந்தி ஓடி, எதிரணியையும் தடுத்து ஆட வேண்டும். மாற்றாட்டக்காரர்களை இறக்குவதற்குக் கட்டுப்பாடுகள் இருந்தன. பந்து இன்றைவிடப் பருத்து உருண்டையாக இருந்தது; தரையில் விழுந்தெழும் பந்தை உதைத்துக் கம்பங்களுக்கு இடையே அனுப்பும் முறைக்கு அது உதவியது, வீசுவதற்கு உதவவில்லை. முன்னோக்கி வீசுபவர், ஆட்டம் தொடங்கும் கோட்டுக்குப் பின்னால் குறைந்தது ஐந்து கெஜம் தள்ளி நின்றே வீச வேண்டும். எதிரணியின் எல்லைப் பகுதிக்குள் வீசிய பந்து யார் கையிலும் சிக்காமல் தரையில் விழுந்தால் பந்தின் உரிமையே எதிரணிக்குப் போய்விடும். எனவே ஓட்டமும் உதையும்தான் ஆட்டத்தின் உயிர். பந்தை எதிரணியின் எல்லைப் பகுதிக்குள் கொண்டுசேர்க்கும் டச்டவுனுக்கு ஆறு புள்ளிகள் என்பது மட்டும் 1912 முதல் இன்றுவரை மாறவில்லை. தலைக்கவசம் கட்டாயமாகவில்லை. ஸ்டீவன்சனைப் போன்ற வலிமையான ஓட்டக்காரர் ஒருவர் ஆட்டம் முழுவதும் களத்தில் இருந்தால் அது எவ்வளவு பெரிய வேறுபாடு என்பதை இந்த விதிகளோடு சேர்த்துப் பார்த்தால்தான் உணர முடியும். பிற்காலத்தில் கல்லூரிக் கால்பந்துப் புகழ் மன்றத்தில் அவருக்கு இடம் கிடைத்தது காரணமில்லாமல் அன்று.

வெண்ணி எழுதியது:

இழையில் எல்லோரும் பட்டத்தின் பெருமையைப் பற்றியே பேசுகிறோம். அந்தப் பெருமையைக் கறுப்பின அறிவாளர்களே ஐயத்தோடு பார்த்தார்கள் என்பதையும் வைத்துப் பேச வேண்டும்.

ஃபிஸ்க் பல்கலைக்கழகத்தில் 1924 ஜூனில் கறுப்பின அறிஞர் டபிள்யூ. இ. பி. டு பாய்ஸ் வந்து, வெள்ளையரான தலைவர் ஃபயட் மெக்கன்சியின் அடக்குமுறையை நேருக்கு நேர் கண்டித்துப் பேசினார். மாணவர் பேரவையும் மாணவர் இதழும் அங்கே முடக்கப்பட்டிருந்தன. 1925 பிப்ரவரியில் மாணவர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். சில மாதங்களில் மெக்கன்சி பதவி விலகினார். தங்களுக்கென ஒரு விளையாட்டுச் சங்கம் வேண்டும் என்பதும் மாணவர் கோரிக்கைகளில் இருந்தது. விளையாட்டு அங்கே மாணவர் உரிமையின் பக்கம் நின்றது.

ஹோவர்டில் காட்சி வேறு. அதன் முதல் கறுப்பினத் தலைவராக 1926-இல் பொறுப்பேற்ற மார்டிகை ஜான்சனின் காலத்தில், கால்பந்து வீரர்களுக்குத் தரப்பட்டுவந்த தனி உணவும் தங்குமிடமும் நிறுத்தப்பட்டன. 1927 அக்டோபரில் வீரர்கள் ஆட மறுத்தார்கள். மற்ற மாணவர்களும் வகுப்புகளைப் புறக்கணித்தார்கள். பணம் எதற்கு, நூலகத்துக்கா களத்துக்கா என்ற கேள்வி அங்கே வெளிப்படையாக எழுந்தது. ஃபிஸ்க் மாணவர்களுக்காகக் குரல் கொடுத்த அதே டு பாய்ஸ், 1930-இல் ஹோவர்டின் பட்டமளிப்பு விழாவில் பேசும்போது, கறுப்பினக் கல்லூரி இளைஞர்கள் கால்பந்திலும் கேளிக்கையிலும் மனம் தோய்ந்து கிடப்பதைக் கடுமையாகச் சாடினார்.

1924 டஸ்கீகி அணியை நானும் மதிக்கிறேன். ஆனால் வெற்றி ஒரு கழகத்தின் விளம்பரமாக மாறும்போது அதை வென்று கொடுத்த இளைஞர்களின் படிப்பு என்ன ஆகிறது என்ற கேள்வியை டு பாய்ஸ் கேட்டார். அந்தக் கேள்வியைத் தள்ளிவிட்டுப் பட்டத்தை மட்டும் பதிவுசெய்வது பாதி வரலாறுதான்.

பொருநை எழுதியது:

வெண்ணி அவர்கள் சொன்னதை முழு மனத்தோடு ஏற்கிறேன். அந்தக் கேள்வி டஸ்கீகிக்கும் உரியது. ஆனால் ஆபட்டைப் பொறுத்தவரை அந்தக் கேள்விக்கு ஒரு விடையின் தொடக்கம் இருக்கிறது. அவர் கால்பந்தோடு நிற்கவில்லை. 1927-இல் டஸ்கீகி தொடரோட்டத் திருவிழாவைத் தொடங்கினார். கறுப்பினப் பள்ளி, கல்லூரி மாணவர்கள் திரளாக ஓடுவதற்கு ஒரு களம் கிடைத்தது. பெண்களுக்குத் தடகளப் பயிற்சி தருவதைப் பல கல்லூரிகள் நினைத்தும் பார்க்காத காலத்தில் மகளிர் அணியை உருவாக்கினார். 1937-இல் அந்த அணி தேசிய அளவிலான பட்டத்தை வென்றது. 1948 லண்டன் ஒலிம்பிக்கில் உயரம் தாண்டுதலில் தங்கம் வென்று, ஒலிம்பிக் தங்கம் பெற்ற முதல் கறுப்பினப் பெண்ணாகிய ஆலிஸ் கோச்மன், டஸ்கீகியில் அவரிடம் பயிற்சி பெற்றவர். ஆபட்டின் மனைவி ஜெஸ்ஸி ஆபட் அதே கழகத்தில், கழகத்தின் முதல் தலைவரின் மனைவியான மார்கரெட் மரே வாஷிங்டனுக்கும், பின்னர் அறிவியலாளர் ஜார்ஜ் வாஷிங்டன் கார்வருக்கும் செயலாளராகப் பணியாற்றினார். குடும்பமே கழகத்தின் வேலைக்குள் இருந்தது.

ஒப்பீட்டுக்காக இன்னொரு செய்தி. 1926 புத்தாண்டு நாளில் அலபாமா பல்கலைக்கழக அணி ரோஸ் பவுலில் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தை 20-19 என்று வென்றது. தென் மாநிலங்களே மறுபிறவி எடுத்தது போல அங்குள்ள வெள்ளையர் பத்திரிகைகள் கொண்டாடின. வழியெங்கும் நிலையங்களில் கூட்டம் திரண்டு வரவேற்றது. அந்த நாள்களில் அதே மாநிலத்தில் டஸ்கீகி அணி இரண்டாவது ஆண்டாகத் தோல்வியே காணாமல் இருந்தது. இரண்டு அணிகளும் மோதும் என்று யாரும் எண்ணிப் பார்க்கக்கூட முடியாது. இனப்பிரிவினை அதற்கு இடம் தரவில்லை. அலபாமா பல்கலைக்கழகம் ஒரு கறுப்பின வீரருக்குக் கால்பந்து உதவித்தொகை கொடுத்ததே 1970-இல், வில்பர் ஜாக்சனுக்குத்தான். எந்த அணி வலியது என்று ஊகிக்க நான் விரும்பவில்லை. ஆனால் ஒரு மாநிலத்தில் இரண்டு வெற்றியாளர்கள் இருந்தும், ஒருவரை மட்டுமே அந்த மாநிலம் கண்டது என்பது பதிவாக வேண்டும்.

கணக்கன் எழுதியது:

அலபாமா ஒப்பீடு வலுவானது. ஏழு பருவங்கள் பற்றிய விளக்கமும் எனக்கு நிறைவளிக்கிறது. எதிரணிகளும் அதே அமைப்பில் ஆடியிருக்கும்போது அதைக் குறையாகச் சொல்ல முடியாது. ஆனால் நோட்டர் டேமுக்கு இணையான பட்டம் என்ற சொற்றொடரை இன்னும் ஏற்கவில்லை. காரணம் தரம் அன்று. இரண்டையும் ஒரே பட்டியலில் அருகருகே வைத்தால், இரண்டும் ஒரே திறந்த போட்டியில் கிடைத்தவை என்ற எண்ணம் படிப்பவருக்கு வரும். அப்படி ஒரு திறந்த போட்டி இருக்கவில்லை என்பதே இங்கு முதன்மையான உண்மை. நோட்டர் டேமின் பட்டமும் பிரிக்கப்பட்ட நாட்டின் ஒரு பாதிக்குள் ஆடிப் பெற்ற பட்டம்தான். எனவே குறிப்பு இரண்டுக்கும் வேண்டும்.

பொருநை எழுதியது:

அப்படியானால் நாம் சேர்ந்து தொகுக்கும் ஆண்டுப் பட்டியலில் 1924-க்கு இரண்டு வரிகள் எழுதலாம் என்று முன்மொழிகிறேன். நோட்டர் டேம் வரியில், கறுப்பினக் கல்லூரிகளோடு ஆடாத பருவம் என்ற குறிப்பு இருக்கட்டும். டஸ்கீகி வரியில், பயிற்சியாளர் கிளீவ்லண்ட் ஆபட், தோல்வியற்ற பருவம், வெள்ளையர் கல்லூரிகள் ஆட மறுத்த காலம் என்று இருக்கட்டும். 1925, 1926, 1927, 1929, 1930 ஆகிய ஆண்டுகளுக்கும் டஸ்கீகியின் பெயரை இதே முறையில் சேர்க்கலாம். பகிரப்பட்ட ஆண்டுகளில் ஹோவர்டு முதலிய கல்லூரிகளின் பெயர்களும் உடன் வர வேண்டும். ஃபிஸ்க், ஹோவர்டு வேலைநிறுத்தங்கள் பற்றிய பகுதியை வெண்ணி அவர்களே எழுதினால் நன்றாக இருக்கும்.

வெண்ணி எழுதியது:

எழுதுகிறேன். ஹோவர்டிலிருந்து தொடங்குகிறேன், வீரர்களின் உணவுச் செலவை யார் ஏற்றார்கள் என்பதிலிருந்துதான் அந்தப் பூசலை விளக்க முடியும்.